நண்டு நாகம்மா கேட்ட மன்னிப்பு

சம்பூர்ணத்துக்குப் பல் வலி வந்தபோது பொன்னேரியில் ஒரு பல் டாக்டரிடம் போனாள். கன்னத்தைப் பிடித்துக்கொண்டு நாற்காலியில் சாய்ந்து, "வலி உயிரு போவுது டாக்டர்" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். டாக்டர் முகமூடிக்குள்ளேயே சிரித்துவிட்டார். பக்கத்தில் நின்ற நர்ஸ் பெண் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டு குலுங்கினாள். "சாரிம்மா, எங்க வீட்ல எல்லாரும் உங்க ஃபேன்" என்ற டாக்டர், பல்லைப் பிடுங்குவதற்கு முன்னால் ஒரே ஒரு டயலாக் சொல்லச் சொன்னார். வீங்கிய கன்னத்தோடு அதையும் சொல்லிவிட்டுத்தான் வாயைத் திறந்தாள்.

சனிக்கிழமை சாயந்திரம் டிவி முன்னால் உட்காருகிறவர்களுக்குச் சம்பூர்ணம் என்றால் யாரென்று தெரியாது. நண்டு நாகம்மா என்றால் தெரியாதவர்கள் கிடையாது. இடுப்பில் கூடை, ஒரு பக்கமாகச் சரிந்த கொண்டை, காதில் பெரிய தோடு. நாகம்மா நண்டு விற்கப் போகிற இடத்திலெல்லாம் வம்பு வரும். ரேஷன் கடைக்காரரோடு, கண்டக்டரோடு, சம்பந்தியம்மாவோடு. வாய் கிழியப் பேசுவாள். கடைசியில் தப்பு அவள் மேல்தான் என்று தெரிந்ததும் "ஐயோ எம்மோவ்!" என்று ஒரு அலறல் அலறி, எதிரில் நிற்கிறவர் காலில் நெடுஞ்சாண்கிடையாக விழுவாள். அந்த விழுகைக்குத்தான் கைதட்டல். இதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று கேட்டால் சொல்லத் தெரியாது. ஆனால் எல்லாரும் சிரித்திருக்கிறோம்.

அவள் பிறந்தது பழவேற்காடு ஏரிக்கரையில், தோணித்திட்டு என்கிற குப்பத்தில். அப்பா சின்ன வயதிலேயே போய்விட்டார். அம்மா இறால் கூடையைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போய் விற்று வளர்த்தாள். பத்தாவது முடித்ததும் அதே குப்பத்தில் தேசப்பனுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். தேசப்பன் நல்லவன், கொஞ்சம் வாயில்லாப் பூச்சி. தண்ணீரில் இறங்கினால் மட்டும் அவன் வேறு ஆள். எந்தக் காற்றுக்கு இறால் எந்தப் பக்கம் ஓடும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லுவான்.

ஏரியில் இறால் ஓடுகிற இடங்கள் கொஞ்சம். வலை போடுகிறவர்கள் நிறைய. அதனால் குப்பத்துக்காரர்கள் அந்த இடங்களை முறை வைத்துப் பங்கு போட்டுக்கொள்வார்கள். இன்றைக்கு உனக்கு, நாளைக்கு எனக்கு. அந்த முறைக்குப் பேர் பாடு. வருஷத்துக்கு ஒரு நாள் கோயிலுக்கு எதிரில் ஊர் கூடும். ஒவ்வொரு குடும்பத் தலைவன் பேரையும் சீட்டில் எழுதிப் பானையில் போட்டுக் குலுக்கி எடுப்பார்கள். பானைக்குள் பேர் போகாதவனுக்கு அந்த வருஷம் முழுக்க ஏரி கிடையாது. கரையில் நின்று பார்த்துக்கொண்டு இருக்க வேண்டியதுதான்.

கல்யாணத்துக்குப் பிறகு சம்பூர்ணம் கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒயர் கம்பெனிக்குப் போனாள். காலையில் கம்பெனி வேன் வந்து பெண்களை அள்ளிக்கொண்டு போகும். போக ஒன்றரை மணி நேரம், வர ஒன்றரை மணி நேரம். அந்த வேனில்தான் அவள் நடிக்கக் கற்றாள். சூப்பர்வைசர் மூக்கை உறிஞ்சுவது, கேன்டீன்காரர் குழம்பை ஊற்றாமலே ஊற்றுவது எல்லாம் தத்ரூபமாக வரும். கூட வேலை பார்த்த விக்டோரியா, டிவிக்காரர்கள் திருவள்ளூரில் நடத்திய தேர்வுக்குப் பாடப் போனாள். துணைக்குச் சம்பூர்ணமும் போனாள். வரிசை நகரவில்லை. பசி. பொழுது போகாமல், டோக்கன் கொடுத்த அம்மா எல்லாரையும் எப்படி விரட்டினாள் என்று செய்து காட்டினாள். விக்டோரியாவைப் பாட வைத்துவிட்டு அனுப்பிவிட்டார்கள். இவளைப் பிடித்துக்கொண்டார்கள்.

குப்பத்தில் ரகளை. பொம்பளை டிவியில் போய் ஆடுவதா என்று ஊர்க்கூட்டம் போட்டார்கள். அன்றைக்கு அவளுக்காகப் பேசியது ஒரே ஒரு ஆள், தாய்மாமன் துலுக்காணம். "நம்ம பொண்ணு இன்னா திருடவா போறா? நாலு பேர சிரிக்க வெச்சிட்டு ஊட்டுக்கு வரப்போறா. போவட்டும் உடுங்க" என்றார். அவர் சொன்னால் ஊர் மறுத்துப் பேசாது. அப்படித்தான் நாகம்மா பிறந்தாள்.

முதல் இரண்டு வருஷம் அவளுக்குத் தலைகால் புரியவில்லை. ரயிலில் ஜன்னலோர இடம் கொடுத்தார்கள், கோயிலில் மாலை போட்டார்கள். மூன்றாவது வருஷம் அலுத்தது. வேறு வேஷம் கேட்டாள். ஒரு தடவை பள்ளிக்கூட ஹெட்மிஸ்ட்ரஸ் வேஷம் கொடுத்தார்கள். கஞ்சி போட்ட புடவையில் அவள் உள்ளே வந்ததுமே ஜனம் சிரித்துவிட்டது. எப்போது விழுவாள், எப்போது விழுவாள் என்று காத்திருந்தது. அவள் விழவில்லை. அரங்கம் செத்துப்போனது மாதிரி ஆகிவிட்டது. அடுத்த வாரம் ஹெட்மிஸ்ட்ரஸையும் விழ வைத்தார்கள்.

ஒரு சீரியலில் அம்மா வேஷத்துக்குப் போய் அழுது காட்டினாள். நன்றாகத்தான் அழுதாள். அந்த டைரக்டர் உதட்டைக் கடித்துக்கொண்டு கேட்டுவிட்டு, "அழுகை பிரமாதம்மா. ஆனா எனக்கே சிரிப்பு வருதே, நான் இன்னா பண்றது?" என்றார். போங்கடா என்று எல்லாவற்றையும் விட்டுவிட்டுப் பழைய ஒயர் கம்பெனிக்கே போய் நின்றாள். வாசலில் செக்யூரிட்டி மற்றவர்களையெல்லாம் கூப்பிட்டுக் காட்டினான். மேனேஜர் காபி வாங்கிக் கொடுத்தார், நாகம்மாவின் அலறலைக் கேட்டு மகிழ்ந்தார், பிறகு மரியாதையாகச் சொன்னார்: "நீங்க லைன்ல நின்னா மத்த பொண்ணுங்க வேலை பாக்காதும்மா." முன்னாலும் போக முடியவில்லை, பின்னாலும் போக முடியவில்லை.

வீட்டிலாவது நிம்மதி உண்டா என்றால் அதுவும் இல்லை. தேசப்பன் மீது கோபம் வந்து கத்தினால் அவன் தலையைக் குனிந்துகொள்வான். பயத்தில் இல்லை, சிரிப்பை மறைக்க. "இன்னாமே பண்றது, நீ கத்துனா நாகம்மா கத்துற மாதிரியே கீது" என்பான். பெற்ற பெண் இளமதி, காலேஜ் படிக்கிறவள், பஸ்ஸில் அம்மாவோடு வந்தால் "மெதுவா பேசும்மா" என்று தொடையில் கிள்ளுவாள். வாயைத் திறந்தால் நாகம்மா என்று ஆகிவிட்ட பிறகு ஒரு மனுஷி எவ்வளவு நாள்தான் வாயை மூடிக்கொண்டே இருப்பாள்?

டிவிக்காரர்கள் பிழைப்பு வேறு விதமானது. அங்கே கதை எழுத ஆள் இருக்கிறார்கள், ஆனால் அவர்களிடம் கதை இருக்காது. நடிக்க வருகிறவர்கள்தான் தங்கள் ஊரிலிருந்து எதையாவது கொண்டுவர வேண்டும். ஊர்ச் சரக்கு என்பார்கள். ஆறு வருஷத்தில் சம்பூர்ணம் தன் மாமியாரைக் கொடுத்தாள், மீன் மார்க்கெட்டைக் கொடுத்தாள், கம்பெனி வேனைக் கொடுத்தாள், தன் பிரசவத்தைக்கூடக் கொடுத்தாள். இதற்கு மேல் கொடுக்க ஒன்றும் இல்லை என்கிற நிலைமையில் டைரக்டர் சந்திரமோகன் கூப்பிட்டு உட்கார வைத்தான்.

"அக்கா, மூணு வாரமா சிரிப்பு வரல. மேல கேக்குறாங்க. நாகம்மாவ நிறுத்திடலாமான்னு பேச்சு ஓடுது. உங்க ஊர்ல புதுசா எதுவுமே இல்லையா?"

நிறுத்திவிடுங்கள் என்று சொல்லியிருக்கலாம். எத்தனை நாள் அதற்காக ஏங்கியிருக்கிறாள்! ஆனால் நாகம்மா போய்விட்டால் தனக்கு மிச்சம் என்ன? கம்பெனியும் எடுக்காது, வேறு வேஷமும் வராது. துலுக்காணம் மாமாவைக் கொடுத்துவிட்டாள்.

மாமா பல வருஷத்துக்கு முன்னால் படகிலிருந்து விழுந்து தலையில் அடிபட்டவர். மற்றபடி தெளிவான ஆள், எண்ணுவதில் மட்டும் ஒரு இடறல். பாடு பிரிக்கும் நாளில் சீட்டுகளை எண்ணிப் பானையில் போடுவது அவர் பொறுப்பு. ஒன்று, இரண்டு என்று ஏழு வரை வருவார். எட்டு வராது. வானத்தைப் பார்ப்பார். துண்டை எடுத்து உதறுவார். மறுபடியும் ஒன்றிலிருந்து ஆரம்பிப்பார். மூன்றாம் தடவையோ நாலாம் தடவையோ எட்டைத் தாண்டிவிட்டால் பிறகு மிச்சமெல்லாம் கடகடவென்று ஓடிவிடும். அதுவரைக்கும் ஊர் காத்திருக்கும். யாரும் எடுத்துக் கொடுக்க மாட்டார்கள். ஒருத்தன் பீடி பற்ற வைப்பான், ஒருத்தன் காற்று திரும்புவதைப் பற்றிப் பேசுவான். எட்டு என்கிற சொல் மட்டும் எவன் வாயிலிருந்தும் வராது. இப்படிச் செய்யவேண்டும் என்று யாரும் கூடிப் பேசி முடிவு செய்ததில்லை. அது அப்படியே வழக்கமாகிவிட்டது.

பேரை மாற்றினாள். துண்டின் நிறத்தை மாற்றினாள். ஊர் பேரைச் சொல்லவில்லை. அதனால் யாருக்கும் தெரியாது என்று நம்பினாள். பெரியவராக நடித்தவர் ஏழில் நின்று வானத்தைப் பார்க்க, நாகம்மா பின்னாலிருந்து "எட்டுய்யா எட்டு!" என்று கத்த, அரங்கம் அதிர்ந்தது. அந்த வாரத்துச் சிறந்த நாடகத்துக்கான கோப்பை அவளுக்குத்தான். ரயிலில் மடியில் வைத்துக்கொண்டு வந்தாள். சந்தோஷமாகத்தான் வந்தாள், அதையும் சொல்லிவிட வேண்டும்.

தோணித்திட்டில் சனிக்கிழமை சாயந்திரம் ஒரு டிவிகூட ஓடாமல் இருந்ததில்லை. நம்ம பொண்ணு வருகிறாளே!

அடுத்த நாள் துலுக்காணம் தெருவில் நடந்தபோது, எங்கிருந்தோ ஒரு பிள்ளை "எட்டு!" என்றது. கடைத்தெருவில் இன்னொன்று. இத்தனை வருஷம் ஒரு ஊரே கட்டிக் காப்பாற்றியதை இவள் ஆறு நிமிஷத்தில் அவிழ்த்துப் போட்டுவிட்டாள். அந்த மனுஷன் வெளியே வருவதை நிறுத்தினார். கூட்டத்துக்கு வரவில்லை, கோயிலுக்கும் வரவில்லை. ஊர்த் தலைவர் சுப்பிரமணி தேசப்பனைக் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார்: "துலுக்காணம் மாமா தன் வாயால மன்னிச்சேன்னு சொல்ற வரைக்கும் இப்ப இருக்கற முறையும் உனக்குக் கெடையாது, வர்ற பாட்டுல உன் பேரும் பானைக்குள்ள போவாது தேசப்பா. எனக்கு இதுல சந்தோஷம் இல்ல. ஆனா ஊர் ஒத்துக்காது."

தேசப்பன் அவளைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். காட்டுப்பள்ளிப் பக்கம் கான்ட்ராக்ட் வேலைக்குப் போய் நாலு நாள் மூட்டை தூக்கினான். ஐந்தாம் நாள் போகவில்லை. படகில் போய் உட்கார்ந்துகொண்டு வலையைப் பிரிப்பான், மடிப்பான், மறுபடி பிரிப்பான். தண்ணீரில் இறங்க மாட்டான். அதைப் பார்த்துக்கொண்டு இருப்பதைவிடச் செத்துப் போகலாம் என்று இருந்தது அவளுக்கு.

இரண்டு தடவை மாமா வீட்டுக்குப் போனாள். இரண்டு தடவையும் அத்தை பூவம்மாள் வாசலிலேயே மறித்து, "அவரு பொன்னேரிக்குப் போயிக்கிறாருமா" என்றாள். செருப்பு வாசலில்தான் கிடந்தது. மாமா உள்ளே இருமுவதும் கேட்டது. அத்தை கண்ணைத் தாழ்த்திக்கொண்டாள். இவள் வந்த வழியே திரும்பினாள்.

பாடு பிரிக்கிற ஞாயிற்றுக்கிழமை வந்தது. சுப்பிரமணி நேரில் போய்க் கையைப் பிடித்து மாமாவைக் கூட்டத்துக்கு அழைத்துவந்தார். பொம்பளைகள் கூட்டத்தில் பேசும் வழக்கம் அங்கே இல்லை. தப்பு பொம்பளையுடையதாக இருந்தாலும் புருஷன்தான் எழுந்து நின்று பேச வேண்டும். சம்பூர்ணம் முன்கூட்டியே சொல்லி அனுப்பினாள். தப்பு செய்த வாய் இதுதான், இதே வாய்தான் கேட்கும் என்றாள். பெரியவர்கள் முணுமுணுத்துவிட்டுச் சம்மதித்தார்கள்.

சாயம் போன நூல் புடவை கட்டிக்கொண்டாள். பொட்டு சின்னதாக வைத்தாள். காலையிலேயே பீரோக் கண்ணாடி முன்னால் நின்று சொல்ல வேண்டியதைச் சொல்லிப் பார்த்தாள். குரல் ஏறியது. மறுபடி சொன்னாள். கை இடுப்புக்குப் போனது. கையைக் கட்டிக்கொண்டு மறுபடி சொன்னாள். ஏழெட்டுத் தடவைக்குப் பிறகு சரியாக வந்த மாதிரி இருந்தது. மன்னிப்புக்குப் போய் யாராவது ஒத்திகை பார்ப்பார்களா? ஆனால் அவளுக்குத் தெரிந்த தொழில் அது ஒன்றுதான். எந்த வேலைக்கும் அப்படித்தான் தயாராவாள்.

வேப்ப மரத்து நிழலில் ஆண்கள் உட்கார்ந்திருந்தார்கள். பெண்கள் கோயில் சுவரோரம் நின்றார்கள். பாதிப் பேர் கையில் செல்போன் இருந்தது. மாமா ஒரு ஓரமாக, தலையைத் துண்டால் மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இரண்டு மாசத்தில் மெலிந்துவிட்டார். தேசப்பன் எல்லாருக்கும் பின்னால் நின்றான்.

சம்பூர்ணம் நடுவில் போய் நின்று கையைக் கட்டிக்கொண்டாள். "மாமா" என்றாள். சின்னக் குரல்தான். "நா செஞ்சது தப்பு மாமா. உன்ன வெச்சு ஊர சிரிக்க வெச்சேன். எனக்காக இதே எடத்துல நின்னு பேசுன ஆளு நீ. உன்னப் போயி நா..."

நன்றாகத்தான் போய்க்கொண்டு இருந்தது. ஒருத்தரும் சிரிக்கவில்லை. அப்போது மாமா துண்டை விலக்கி அவளை ஏறிட்டுப் பார்த்தார். அந்தக் கண்ணில் கோபம் இல்லை, வெட்கம்தான் இருந்தது. தப்பு செய்தவள் இவள், வெட்கப்படுகிறவர் அவரா? அவளுக்கு மீதி வசனம் மறந்துபோனது. "ஐயோ எம்மோவ்!" என்று அடிவயிற்றிலிருந்து ஒரு அலறல் வந்தது. அப்படியே அவர் காலில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தாள்.

சுவரோரத்தில் ஒரு பெண் களுக்கென்று சிரித்தாள். அவ்வளவுதான், கூட்டம் மொத்தமும் வெடித்துவிட்டது. படம் பிடிக்கச் செல்போன்கள் எழும்பின. "தள்ளு தள்ளு, மறைக்குது" என்று ஒருத்தன் எம்பினான்.

அந்த அலறலை நாகம்மாவுக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. பெற்ற அம்மா செத்த அன்று சம்பூர்ணத்துக்கு வந்த அலறல் அது. வேனில் வருகிற பெண்களுக்குக்கூடச் செய்து காட்டாததை, டிவியில் முதல் வாரம் வேறு ஒன்றும் தோன்றாதபோது எடுத்து விட்டாள். ஜனத்துக்குப் பிடித்துப்போயிற்று. அன்றிலிருந்து வாராவாரம் அதே அலறல், அதே விழுகை. ஆறு வருஷம் விற்றுவிட்டாள். இப்போது அவளுக்கே வேண்டும் என்கிறபோது வேறு அழுகை கைவசம் இல்லை.

"மாமா, இது நெஜம் மாமா" என்றாள் மண்ணில் முகம் புதைந்தபடி. "சத்தியமா நடிக்கல." சிரிப்பு இன்னும் ஏறியது. போன மாசம் ரேஷன் கடை நாடகத்தில் நாகம்மா இதையேதான் சொல்லியிருந்தாள். பல பேர் அடுத்த வரியைக் கூடவே சொன்னார்கள்.

அவள் தலைக்கு மேல் ஒரு சத்தம் கேட்டது. மாமா சிரித்துக்கொண்டு இருந்தார். முதலில் அடக்கப் பார்த்தார், முடியவில்லை. தோள் குலுங்க, கண்ணில் தண்ணீர் வர, துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். இரண்டு மாசமாக மூடிக்கிடந்த மனுஷன் சிரிப்பதைப் பார்த்து பூவம்மாள் அத்தை அழுதேவிட்டாள். ஊருக்கு அப்பாடா என்று ஆனது.

"மன்னிச்சிட்டேன்யா" என்றார் மாமா மூச்சு வாங்க. "எதுக்கு மன்னிப்பு? நம்ம பொண்ணு. தேசப்பன் பேர எழுதுங்க. பானைய எடுத்தாங்கடா."

பின்னாலிருந்து தேசப்பன் முன்னே வந்து நின்றான். அவன் முகம் அவளுக்குத் தெரியவில்லை. அவன் பாதம் மட்டும் தெரிந்தது, சேறு காய்ந்து இரண்டு மாசம் ஆன பாதம். நாளைக்கோ மறுநாளோ அது தண்ணீரில் இறங்கிவிடும். வந்த காரியம் முடிந்துவிட்டது. இனி எழுந்திருக்க வேண்டியதுதான்.

அவளால் எழுந்திருக்க முடியவில்லை. மாமாவின் இரண்டு கால்களையும் கட்டிக்கொண்டு அழுதாள். சத்தம் இல்லாமல் அழப் பார்த்தாள், அதுவும் நாகம்மாவின் விக்கலாகத்தான் வெளியே வந்தது. ஆண்கள் எழுந்து பானை இருந்த பக்கம் போனார்கள். பெண்கள் பேசிக்கொண்டே கலைந்தார்கள். தேசப்பனை யாரோ தோளில் தட்டி அழைத்துக்கொண்டு போனார்கள். பேர் கூப்பிட்டுச் சீட்டு எழுதுகிற சத்தம் தள்ளிக் கேட்டது. அவள் மட்டும் விடவே இல்லை.

மாமா குனிந்தார். சின்ன வயதில் அவளைத் தூக்கி வைத்துக்கொண்ட அதே கையால் அவள் முதுகைத் தடவினார். காதருகே வந்து, வேறு யாருக்கும் கேட்காமல், ரொம்பப் பிரியமாகச் சொன்னார்:

"போதும் கண்ணு, எய்ந்துரு. செல்லெல்லாம் உள்ள வெச்சிட்டானுங்க."